பழைய கன்சோல் கேம்களை டம்ப் எடுத்துக் காப்பது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

1983-இல் ஜப்பானில் வந்த நிண்டெண்டோவின் ஃபேமிகாம் கன்சோல் முதல் அதன் வீ வரையிலான காலத்தின் கேட்ரிட்ஜ்களையும் டிஸ்க்குகளையும் டிஜிட்டல் காப்பகத்துக்கு ஏற்ற தரத்தில் கணினிக் கோப்பாக நகலெடுக்க (இதைத்தான் டம்ப் என்கிறோம்) விரும்புவோருக்கான பக்கம் இது. கேம்களை எங்கே டவுன்லோடு செய்யலாம் என்ற கேள்விக்கு இங்கே பதில் கிடையாது.

எல்லா கேமும்தான் இணையத்தில் கிடக்கிறதே, இன்னும் டம்ப் எடுக்க என்ன இருக்கிறது?

பெயர் பெற்ற கேம்கள் கிடக்கின்றன, சரி. ஆனால் அவற்றில் பல 90-களில் கேட்ரிட்ஜை ஃப்ளாப்பி டிஸ்க்கில் நகலெடுக்கும் காப்பியர் கருவிகளால் எடுக்கப்பட்டவை. சிலவற்றில் காப்பியரின் ஹெட்டர் (கோப்பின் முன்னால் சேரும் சிறு தகவல் பகுதி) ஒட்டிக்கொண்டிருக்கும், சிலவற்றில் யாரோ ஏமாற்றுக் குறியீடு சேர்த்திருப்பார்கள். ஒரே கேமுக்குப் பிழை திருத்திய இரண்டாம் பதிப்பு, ஐரோப்பியப் பதிப்பு, மறுவெளியீடு என்று பல வடிவங்கள் உண்டு, எல்லாம் பதிவாகிவிடவில்லை. ஏற்கெனவே பதிவான கேமாக இருந்தாலும், வேறொரு பிரதியிலிருந்து வேறொருவர் எடுத்த டம்ப் அதே ஹேஷை (கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் கைரேகை போன்ற எண்ணை) தந்தால்தான் முதல் டம்ப் உறுதியாகும். ஆகவே உங்கள் அலமாரியில் இருக்கும் சாதாரண கேட்ரிட்ஜுக்கும் வேலை இருக்கிறது.

கடையில் வாங்கிக்கொள்ளலாம் என்ற வழியும் குறுகியது. வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-இல் வெளியிட்ட ஆய்வின்படி, 2010-க்கு முன் அமெரிக்காவில் வெளியான கேம்களில் 87 சதவீதம் இன்று விற்பனையில் இல்லை.

எமுலேட்டரில் (கன்சோலைப் போல நடிக்கும் கணினி நிரலில்) நன்றாக ஓடுகிறது. அப்படியென்றால் டம்ப் சரிதானே?

இல்லை. இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிக்கப் போகிறீர்கள் என்றால் இதைப் படியுங்கள்.

கேம் பாய் கேட்ரிட்ஜை எடுத்துக்கொள்வோம். கன்சோலை ஆன் செய்ததும் அது சரிபார்ப்பது இரண்டைத்தான்: கேட்ரிட்ஜின் சொந்த ஹெட்டரில் உள்ள 48 பைட் நிண்டெண்டோ லோகோ, அந்த ஹெட்டரின் செக்சம் (பிழை பார்ப்பதற்காகப் பைட்டுகளிலிருந்து கணக்கிட்டு எழுதிய எண்). ROM, அதாவது கேம் பதிந்திருக்கும் சிப், அதன் முழுமைக்குமான செக்சம் ஒன்றும் ஹெட்டரில் எழுதப்பட்டிருக்கிறது. அதைக் கன்சோல் கண்டுகொள்வதே இல்லை. ஏழாவது லெவலின் படத்தில் ஒரு பைட் கெட்டிருந்தாலும் கேம் தொடங்கும், இசை வரும், நீங்களும் மகிழ்ச்சியாக மூடிவைத்துவிடுவீர்கள். டம்ப்பின் தரத்துக்குச் சான்று ஹேஷ் மட்டுமே. அதற்கு முன் டம்ப் கருவியின் மென்பொருள் இந்த முழுச் செக்சம் சரியா என்று சொல்கிறதா பாருங்கள். சூப்பர் நிண்டெண்டோவில் செக்சமும் அதன் பிட்டுகளைத் தலைகீழாக்கிய (0-வை 1-ஆக, 1-ஐ 0-ஆக மாற்றிய) எண்ணும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். இரண்டையும் கூட்டினால் 65,535 வர வேண்டும். இவையெல்லாம் முதல் வடிகட்டி. இறுதித் தீர்ப்பு எஸ்எச்ஏ-1 என்ற ஹேஷின் ஒப்பீடுதான்.

கேட்ரிட்ஜுக்கு என்ன கருவி வாங்கலாம்?

கேம் பாய், கேம் பாய் அட்வான்ஸ் மட்டும் போதும் என்றால் ஜிபிஎக்ஸ்கார்ட் அல்லது ஜிபி ஆபரேட்டர். பல கன்சோல்களின் கேட்ரிட்ஜ் வைத்திருப்பவர்களுக்கு ஆர்டுயினோ மெகாவை அடிப்படையாகக் கொண்ட சன்னியின் திறந்தமூல கார்ட் ரீடர். சாலிடரிங் தெரிந்தால் நீங்களே கட்டலாம். ஃபேமிகாம், அதன் வெளிநாட்டு வடிவமான என்இஎஸ் ஆகியவற்றின் கேட்ரிட்ஜ்களுக்கு ஐஎன்எல் ரெட்ரோவும் உண்டு.

எந்தக் கருவியானாலும் வோல்டேஜ் சுவிட்சைக் கவனியுங்கள். என்இஎஸ், சூப்பர் நிண்டெண்டோ, மெகா டிரைவ், பழைய கேம் பாய் எல்லாம் 5 வோல்ட். நிண்டெண்டோ 64-உம் கேம் பாய் அட்வான்ஸும் 3.3 வோல்ட். 3.3 வோல்ட் கேட்ரிட்ஜுக்கு 5 வோல்ட் கொடுத்தால் சிப் போய்விடலாம். 5 வோல்ட் கேட்ரிட்ஜுக்கு 3.3 கொடுத்தால் சிப்புக்கு ஆபத்தில்லை, ஆனால் தப்புத் தப்பாகப் படிக்கும்.

டம்ப் எடுக்கும் வரிசை என்ன?

முதலில் முன்புறம், பின்புறம், லேபிள் எல்லாவற்றையும் போட்டோ எடுங்கள். பெரும்பாலான நிண்டெண்டோ கேட்ரிட்ஜ்களைத் திறக்க 3.8 மில்லிமீட்டர் கேம்பிட் என்ற தனி ஸ்க்ரூடிரைவர் முனை வேண்டும். சாதாரண ஸ்க்ரூடிரைவரைத் திணித்தால் தலை வழுக்கிவிடும். திறந்ததும் போர்டின் இரு பக்கத்தையும், சிப்களின் மேல் அச்சிட்ட எண்கள் படிக்கும்படி எடுங்கள். பதிப்பு எண் பல நேரம் லேபிளில் இருக்காது, சிப்பில்தான் இருக்கும்.

அடுத்து கான்டாக்ட் சுத்தம். 99 சதவீத ஐசோபுரொபைல் ஆல்கஹால், காது குடையும் பட்ஸ். பின்களின் நீளவாக்கில் தேயுங்கள். பட்ஸ் கறுத்தால் மாற்றுங்கள், வெள்ளையாக வரும்வரை. உப்புத்தாள், பித்தளை பாலிஷ் இரண்டும் வேண்டாம்: தங்கப்பூச்சு உரிந்துபோனால் அடியில் இருக்கும் செம்பு துருப்பிடிக்கும், அதற்குப் பிறகு ஒவ்வொரு முறையும் தொல்லை. வாயால் ஊதுவது ஈரத்தைத்தான் சேர்க்கும். முழுதாக உலர ஐந்து நிமிடம் விடுங்கள்.

ROM-ஐப் படிப்பதற்கு முன் சேவ் தரவை (விளையாடியவர் சேமித்துவைத்த நிலையை) எடுத்துவிடுங்கள். பிறகு ROM-ஐப் படியுங்கள், கேட்ரிட்ஜைக் கழற்றி மறுபடி செருகுங்கள், இன்னொரு முறை படியுங்கள். கழற்றாமல் இரண்டு முறை படித்தால் ஒரே மோசமான தொடர்பு ஒரே தவறை இரண்டு முறையும் தரும். ஹேஷ் பொருந்துவதால் ஏமாந்துபோவீர்கள். இரண்டும் ஒத்தால், கேட்ரிட்ஜ் டம்ப்களைப் பதிவு செய்யும் நோ-இன்ட்ரோ திட்டத்தின் டாட் கோப்போடு, அதாவது ஹேஷ் பட்டியலோடு, ஒப்பிடுங்கள்.

ஹேஷ் பொருந்தவில்லை. என்ன கோளாறு?

கோப்பின் பைட்டுகளை எண்களாகக் காட்டும் ஒரு ஹெக்ஸ் எடிட்டரில் திறந்தால் பாதிக் கதை தெரிந்துவிடும்.

ஒரு டேட்டா பின் தொடவில்லை என்றால் ஒவ்வொரு பைட்டிலும் அதே ஒரு பிட் மட்டும் எப்போதும் 1 அல்லது எப்போதும் 0 என்று நிற்கும். ஒரு முகவரிப் பின் தொடவில்லை என்றால் தரவு துண்டு துண்டாகத் திரும்பத் திரும்ப வரும். திரும்பும் துண்டின் அளவே எந்தப் பின் என்று காட்டிக்கொடுக்கும். 32,768 பைட்டுக்கு ஒருமுறை அப்படியே மறுபடி வந்தால் ஏ15 என்ற முகவரிப் பின். கோப்பின் பின்பாதி முன்பாதியின் அச்சு அசல் நகலாக இருந்தால் கருவிக்கு அளவைத் தவறாகச் சொல்லி, இருப்பதைவிட இரண்டு மடங்கு படித்திருக்கிறீர்கள். ஒவ்வொரு முறையும் வேறு வேறு ஹேஷ் வந்தால் அழுக்கு, மின்னழுத்தம், அல்லது மோசமான யூஎஸ்பி கேபிள்.

ஒவ்வொரு முறையும் ஒரே ஹேஷ், செக்சமும் சரி, ஆனால் டாட் கோப்பில் இல்லை என்றால் அவசரப்பட்டு டம்ப் கெட்டது என்று அழித்துவிடாதீர்கள். பதிவாகாத பதிப்பு கையில் கிடைத்திருக்கலாம். போலி கேட்ரிட்ஜாகவும் இருக்கலாம், குறிப்பாக போக்கிமான் கேம்களில். போர்டு போட்டோ இருந்தால் இரண்டையும் பிரித்துவிடலாம்.

கேம் அதேதான், கோப்பு மட்டும் வேறு அளவில் இருக்கிறதே?

ஹெட்டர். என்இஎஸ் கேட்ரிட்ஜின் தரவுக்குள் எந்தப் போர்டு, எந்த மேப்பர் (நினைவகத்தைப் பகுதி பகுதியாக மாற்றிக் காட்டும் சுற்று) என்ற தகவல் எங்கும் எழுதப்படவில்லை. அதை மனிதர்கள்தான் கண்டுபிடித்து 16 பைட் ஹெட்டராக முன்னால் ஒட்டுகிறார்கள். சூப்பர் மாரியோ பிரதர்ஸில் 32 கிலோபைட் நிரல், 8 கிலோபைட் படம், ஆக 40,960 பைட், ஹெட்டரோடு 40,976. ஹெட்டரில் ஒரு பிட் மாறினாலும் முழுக் கோப்பின் ஹேஷ் மாறும். எனவே ஹெட்டரை நீக்கிவிட்டு ஒப்பிடுவதே முறை.

சூப்பர் நிண்டெண்டோவில் கோப்பின் அளவை 1,024-ஆல் வகுத்து மீதி 512 வந்தால் காப்பியர் ஹெட்டர் இருக்கிறது. முதல் 512 பைட்டை வெட்டிவிடலாம்.

நிண்டெண்டோ 64-இல் சிக்கல் பைட் வரிசையில். கோப்பு 80 37 12 40 என்று தொடங்கினால் கேட்ரிட்ஜில் இருக்கும் இயல்பான வரிசை. 37 80 40 12 என்றால் இரண்டிரண்டு பைட்டாக இடம் மாறியது. 40 12 37 80 என்றால் நான்கு நான்காகத் திரும்பியது. மூன்றும் ஒரே கேம்தான். காப்பகத்தில் முதல் வகையை வையுங்கள்.

கேட்ரிட்ஜில் இருக்கும் பேட்டரியை மாற்ற வேண்டுமா?

பேட்டரி ROM-ஐக் காப்பதில்லை. உங்கள் சேவ் இருக்கும் எஸ்ரேம் என்ற நினைவகச் சிப்பை மட்டும் உயிரோடு வைத்திருக்கிறது. அதைக் கழற்றிய கணத்தில் சேவ் போய்விடும். எனவே முதலில் சேவை நகலெடுங்கள், பிறகு மல்டிமீட்டர். 3 வோல்ட் செல் 2.7-க்குக் கீழே வந்திருந்தால் தள்ளிப்போட வேண்டாம். போக்கிமான் கோல்டு, சில்வர் போன்றவற்றில் கடிகாரமும் அதே செல்லில் ஓடுவதால் சீக்கிரம் தீரும்.

சூப்பர் நிண்டெண்டோவில் பெரும்பாலும் சிஆர்2032. கேம் பாயில் சிறிய செல்கள் வரும், பழையதன் முகத்தில் உள்ள எண்ணைப் பார்த்தே வாங்குங்கள். சாலிடர் வைக்க உலோகக் காலோடு வரும் செல்தான் வேண்டும். சாதாரண செல்லின் மேலேயே சாலிடர் வைத்தால் உள்ளே சூடேறி வெடிக்கலாம். டேப் ஒட்டிச் சமாளிப்பது ஆறு மாதம்கூடத் தாங்காது. பிளஸ், மைனஸ் போர்டிலேயே அச்சிடப்பட்டிருக்கும். மாற்றிய பின் எடுத்துவைத்த சேவை கருவியின் வழியே திரும்ப எழுதிவிடலாம்.

நம் ஊர் "9999 இன் 1" கேசட்டையும் காப்பாற்ற முடியுமா?

முடியும், காப்பாற்றவும் வேண்டும். 90-களில் சென்னையின் பர்மா பஜாரிலும் ரிச்சி தெருவிலும் டிவி கேம் என்று வாங்கியவை ஃபேமிகாமின் நகல் கன்சோல்கள். அவற்றின் கேசட் 60 பின். அமெரிக்க என்இஎஸ் 72 பின். ஆகவே கருவியில் ஃபேமிகாம் சாக்கெட் இருக்க வேண்டும்.

திறந்தால் சிப் தெரியாது. கறுப்பு எபாக்சிச் சொட்டு ஒன்றுதான் தெரியும். அதைச் சுரண்டாதீர்கள். கான்டாக்ட் வழியாகத்தான் படிக்க வேண்டும். சிரமம் என்னவென்றால், இந்தப் போர்டுகள் தமக்கென்று ஒரு பேங்க் (நினைவகப் பகுதி) மாற்றும் முறையை வைத்திருக்கும். சாதாரண அமைப்பில் படித்தால் மெனு மட்டும் வரும், மிச்சம் வராது. எந்த முகவரியில் எந்த எண்ணை எழுதினால் எந்தக் கேம் திறக்கிறது என்பதை மெனுவின் நிரலைப் படித்தே கண்டுபிடிக்கிறார்கள். உங்களுக்கு அது வராது என்றால் போர்டின் இரு பக்கப் போட்டோவோடு என்இஎஸ் மேப்பர்களை ஆராய்வோரிடம் கொடுங்கள்.

உள்ளே உண்மையில் இருப்பது விரல்விட்டு எண்ணக்கூடிய கேம்கள்தான். பட்டியலில் மிச்சம் எல்லாம் அதே கேமை வேறு லெவலில், வேறு துப்பாக்கியோடு தொடங்குபவை. நிறுவனத்தின் பெயரும் ஆண்டும் அழிக்கப்பட்ட முகப்புப் படங்களும் சகஜம். அந்த மாற்றங்களுக்காகவே இவற்றைத் தனியாகக் காக்க வேண்டியிருக்கிறது. அசல் கேமின் டம்ப் இவற்றுக்கு ஈடாகாது.

பிளேஸ்டேஷன் 1 டிஸ்க்கை ஐஎஸ்ஓவாக எடுத்தால் போதாதா?

போதாது. சிடியின் ஒரு செக்டர், அதாவது தரவு பிரிக்கப்பட்டிருக்கும் ஒரு துண்டு, 2,352 பைட். ஐஎஸ்ஓ அதில் 2,048-ஐ மட்டும் வைத்துக்கொள்ளும். பிளேஸ்டேஷனின் வீடியோவும் ஓடும் இசையும் 2,324 பைட் தரவு கொண்ட வேறு வகை செக்டர்களில் இருப்பதால் அவை வெட்டுப்படும். கேம் தொடங்கி, முதல் வீடியோக் காட்சியில் நின்றுவிடும். ஆடியோ டிராக் இருந்தால் அது மொத்தமாகவே காணாமல் போகும். ஆகவே முழு செக்டரையும் வைக்கும் .bin கோப்பும் டிராக்குகளைப் பட்டியலிடும் .cue கோப்பும் சேர்ந்த வடிவம்.

பல ஐரோப்பியப் பதிப்புகளில் இன்னொரு பொறியும் உண்டு. லிப்கிரிப்ட் என்ற பாதுகாப்பு, சில செக்டர்களின் சப்சேனல் தரவை (செக்டரோடு தனியாக ஓடும் கூடுதல் தகவலை) வேண்டுமென்றே தவறாக எழுதிவைத்திருக்கும். கேம் அந்தத் தவறைத் தேடிப்பார்க்கும். .bin கோப்பில் சப்சேனல் இருக்காது, எனவே அந்தத் தகவலைத் தனிக் கோப்பாக வைக்க வேண்டும்.

பிளேஸ்டேஷன் 2-இல் டிவிடி என்றால் ஐஎஸ்ஓ சரியான வடிவமே. அடிப்பாகம் நீலமாக இருந்தால் அது சிடி. அதற்கு மீண்டும் .bin, .cue.

எந்த டிரைவில் படிப்பது?

டிஸ்க் டம்ப்களைப் பதிவு செய்யும் ரீடம்ப் திட்டத்தின் தரத்துக்குச் சிடி எடுக்கப் பழைய பிளெக்ஸ்டர் டிரைவ்களைத்தான் எல்லோரும் தேடுகிறார்கள்: பிஎக்ஸ்-708, 712, 716, 755, 760. காரணம் ஆஃப்செட், அதாவது படிக்கும் இடம் தள்ளிப்போவது; அதைத் துல்லியமாகக் கண்டுபிடித்துத் திருத்த இவை உதவும். டேட்டா செக்டரில் நிமிடம், நொடி, ஃப்ரேம் என்று முகவரி எழுதியிருக்கும். ஆடியோ செக்டரில் அப்படி எதுவும் இல்லை. டிரைவ் தோராயமான இடத்தில் தொடங்கிப் படிக்கும். ஒவ்வொரு மாடலும் ஒவ்வொரு அளவு தள்ளிப் படிக்கும். பிஎக்ஸ்-716-க்கு அது +30 சாம்பிள், அதாவது 120 பைட். திருத்தாமல் விட்டால் டேட்டா டிராக்கின் ஹேஷ் பொருந்தும், ஆடியோ டிராக் ஒன்றுகூடப் பொருந்தாது. இந்தத் திருத்தத்தை ரீடம்ப்பர், டிஸ்க் இமேஜ் கிரியேட்டர் ஆகிய மென்பொருள்கள் தாமே செய்துகொள்ளும். கட்டளை வரி பிடிக்காதவர்களுக்கு எம்பிஎஃப் என்ற முகப்பு உண்டு. வேகத்தை 8எக்ஸ் அளவில் வையுங்கள்.

செகா ட்ரீம்காஸ்ட்டின் ஜிடி-ரோம் டிஸ்க் கணினி டிரைவுக்கு முதல் சிறு பகுதியை மட்டுமே காட்டும்; கேம் இருக்கும் அடர்ந்த பகுதி 45,000-ஆவது செக்டரில் தொடங்குகிறது. ட்ரீம்காஸ்ட்டிலேயே எஸ்டி கார்டு அடாப்டர் மாட்டி எடுப்பது எளிய வழி, ஆனால் மணிக்கணக்கில் ஆகும். கேம்க்யூப், வீ டிஸ்க்குகளுக்கு ஒரு வீ கன்சோலில் கிளீன்ரிப் என்ற மென்பொருள் போதும். கேம்க்யூப் டம்ப் சரியாக 1,459,978,240 பைட் இருக்க வேண்டும். ஒற்றை அடுக்கு வீ டிஸ்க் 4,699,979,776. குறைந்தால் யாரோ வெட்டியிருக்கிறார்கள். யூஎஸ்பி டிரைவ் ஃபேட்32 அமைப்பில் இருந்தால், அதில் 4 ஜிபியை மிஞ்சிய கோப்பு நிற்காது என்பதால், வீ கோப்பு துண்டுகளாக விழும், பிறகு சேர்த்துக்கொள்ளுங்கள்.

டிஸ்க்கில் கீறல். பற்பசை தேய்க்கலாமா?

வேண்டாம். முதலில் வெதுவெதுப்பான தண்ணீர், ஒரு சொட்டுப் பாத்திரச் சோப்பு, மெல்லிய துணி. நடுவிலிருந்து விளிம்புக்கு நேராகத் துடையுங்கள். வட்டமாகத் துடைத்தால் புதிய கீறல் டிராக்கின் போக்கிலேயே விழும், அதுதான் பிழைதிருத்தத்தால் சமாளிக்க முடியாத கீறல். பிறகு வேறு டிரைவ்களில் முயலுங்கள். ஒன்று தோற்ற இடத்தில் இன்னொன்று படிப்பது அடிக்கடி நடக்கும். மெஷின் பாலிஷ் கடைசி வழி.

சிடியில் லேபிள் பக்கத்துக் கீறலே பெரிய எமன். அலுமினியம் அந்தப் பக்கத்தில் மெல்லிய அரக்குப்பூச்சுக்கு அடியில் இருக்கிறது. வெளிச்சத்தில் தூக்கிப்பிடித்து ஊசித் துளைகள் தெரிந்தால் அங்கே தரவு இல்லை, எந்தப் பாலிஷும் அதைத் திருப்பித் தராது. டிவிடியில் அந்த அடுக்கு இரண்டு 0.6 மில்லிமீட்டர் பிளாஸ்டிக்குக்கு நடுவே இருப்பதால் கொஞ்சம் நிம்மதி.

இடம் போதவில்லை. சுருக்கி வைத்தால் தரம் போகுமா?

இழப்பில்லாத வடிவமாக, அதாவது அசலுக்குத் திரும்பக்கூடியதாக இருந்தால் போகாது. சிடிக்கு சிஎச்டி வடிவம்; கேம்க்யூபுக்கும் வீக்கும் ஆர்விஇசட் வடிவம். சுருக்கிய பின் ஒருமுறை விரித்து, பழைய ஹேஷ் வருகிறதா என்று பார்த்த பிறகே மூலத்தை நீக்குங்கள். கேட்ரிட்ஜ்களுக்கு இந்தக் கவலையே வேண்டாம்: மிகப் பெரிய நிண்டெண்டோ 64 கேமே 64 மெகாபைட்தான்.

எதில் சேமிப்பது?

மூன்று பிரதி, இரண்டு வகை ஊடகம், ஒன்று வேறு ஊரில். எஸ்எச்ஏ-1 பட்டியலை ஒவ்வொரு பிரதியோடும் வையுங்கள். ஆண்டுக்கு ஒருமுறை முழுதாகச் சரிபாருங்கள். சரிபார்க்காத பேக்கப்பை நம்புவதைவிட இல்லை என்றே நினைத்துக்கொள்வது மேல். எழுதும் சிடியின் சாயம் நம் வெயிலில் சீக்கிரம் கெடும். எஸ்எஸ்டியை மின்சாரமில்லாமல் ஆண்டுக்கணக்கில் அலமாரியில் போடாதீர்கள். அசல் கேட்ரிட்ஜ்களைச் சிலிக்கா ஜெல்லோடு மூடிய பெட்டியில் வையுங்கள். கடலோர ஊர்களில் பின்களில் பச்சை படிய ஒரு மழைக்காலம் போதும்.

கேமைத் தவிர வேறு எதைக் காக்க வேண்டும்?

கையேடு, அட்டைப்பெட்டி, டிஸ்க்கின் உள்வளையத்தில் பொறித்த எண். ஸ்கேன் குறைந்தது 600 டிபிஐ, டிஃப் கோப்பு, வண்ணத் திருத்தம் எதுவும் இல்லாமல். சிசிடி வகை ஸ்கேனர் வாங்குங்கள். மெல்லிய சிஐஎஸ் ஸ்கேனர்களில் கண்ணாடியை ஒட்டாத பகுதி மங்கிவிடும். நகல் பாதுகாப்புக்குக் கையேட்டில் உள்ள சொல்லைக் கேட்கும் கேம்களும் உண்டு, கையேடு இல்லாமல் அவை ஓடா.

இதெல்லாம் சட்டப்படி சரியா?

இந்தியாவில் 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52(1)(ஏஏ) பிரிவு, சட்டப்படி கணினி நிரலை வைத்திருப்பவர் இழப்பு, சேதம் ஆகியவற்றுக்கு எதிராகத் தற்காலிகக் காப்புப் பிரதி எடுக்க அனுமதிக்கிறது. 52(1)(ஏடி) சொந்த, வணிகமல்லாத பயன்பாட்டுக்கான நகலை அனுமதிக்கிறது. 2012-இல் சேர்ந்த 65ஏ, உரிமையை மீறும் நோக்கத்தோடு தொழில்நுட்பப் பூட்டை உடைப்பதைத் தண்டிக்கிறது. உங்கள் கேட்ரிட்ஜை உங்களுக்காக எடுப்பது ஒன்று, அதை இணையத்தில் ஏற்றுவது வேறு. இரண்டாவதற்கு இந்தப் பிரிவுகள் எதுவும் துணை வராது.

அமெரிக்காவில் நூலகங்களுக்கும் அருங்காட்சியகங்களுக்கும் தொழில்நுட்பப் பூட்டை உடைத்துத் தம் கட்டடத்துக்குள் பயன்படுத்த விலக்கு உண்டு. ஆய்வாளர்களுக்குத் தொலைவிலிருந்து திறந்துவிடும் கோரிக்கையை அங்கே பதிப்புரிமை அலுவலகம் அக்டோபர் 2024-இல் ஏற்கவில்லை. நிறுவனம் ஒன்று 1985-இல் அங்கே வெளியிட்ட கேம் 2080 முடியும்வரை உரிமைக்குள் இருக்கும். அதுவரை எந்த பேட்டரியும் தாங்காது என்பது சட்டத்தின் கவலை அல்ல.

வெளிவராத கேமின் சோதனைப் பிரதி கையில் கிடைத்தால்?

விளையாடிப் பார்க்காதீர்கள், முதலில் டம்ப் எடுங்கள். இவை ஈப்ராம் எனப்படும், அழித்து மறுபடி எழுதக்கூடிய சிப்பிலோ எழுதும் சிடியிலோ இருக்கும். இரண்டும் தாமாகவே மறக்கக்கூடியவை. ஈப்ராமின் கண்ணாடிச் சன்னல் மேல் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரை உரிக்கக் கூடாது, புறஊதா ஒளி உள்ளே போனால் தரவு அழியும். ஸ்டிக்கர் ஏற்கெனவே விழுந்திருந்தால் கறுப்பு டேப் ஒட்டுங்கள். சாக்கெட்டில் இருக்கும் சிப்பைக் கழற்றும்போது எது எங்கே இருந்தது என்று எழுதிவையுங்கள். இத்தகைய பிரதிகளை ஹிடன் பேலஸ் குழு ஆவணப்படுத்துகிறது.

என் டம்ப்பை யாரிடம் கொடுப்பது?

நோ-இன்ட்ரோவும் ரீடம்ப்பும் கேட்பது கேம் கோப்பை அல்ல, தகவலை. கோப்பின் அளவு, சிஆர்சி32, எம்டி5, எஸ்எச்ஏ-1 ஆகிய ஹேஷ்கள், பயன்படுத்திய கருவியும் அதன் மென்பொருள் பதிப்பும், சீரியல் எண், போர்டு போட்டோ. டிஸ்க் என்றால் மென்பொருள் எழுதிய லாக் கோப்புகள் முழுதாக, வளைய எண்ணோடு. லாக்கைத் திருத்தி அழகுபடுத்தாதீர்கள். பிழை வந்த வரி இருந்தால் அப்படியே இருக்கட்டும், பார்ப்பவர்களுக்கு அதுதான் பயன்படும்.

பொருளையே ஒப்படைக்க நினைத்தால் நியூயார்க் மாநிலம் ராச்செஸ்டரில் உள்ள தி ஸ்ட்ராங் அருங்காட்சியகம், ஜப்பானியக் கேம்கள் என்றால் டோக்கியோவின் கேம் ப்ரிசர்வேஷன் சொசைட்டி. அனுப்பும் முன் கேட்டு எழுதுங்கள். அவர்களிடம் ஏற்கெனவே பல பிரதிகள் இருக்கும் கேமுக்கு விமானக் கட்டணம் கட்டுவது வீண் செலவு.